ஆபீஸ் வசதிக்குப் போட்ட கோடு

கூடலூரிலிருந்து எந்தப் பக்கம் வண்டியை விட்டாலும் கொஞ்ச நேரத்தில் ஒரு செக்போஸ்ட் வந்துவிடும். நாடுகாணி, தாளூர், பாட்டவயல் தாண்டினால் கேரளம். கக்கநல்லா தாண்டினால் கர்நாடகம். மூன்று மொழியும் ஒரே டீக்கடையில் கேட்கும். இந்த ஊர் தமிழ்நாட்டில் இருப்பதற்குக் காரணம் மொழி என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். உண்மையில் காரணம் ஓர் அரசாணை.

1877 வரை கூடலூர், பந்தலூர் பகுதி மலபார் மாவட்டத்தைச் சேர்ந்தது. தென்கிழக்கு வயநாடு என்று பெயர். கோழிக்கோட்டிலிருந்து மலையேறி வந்து ஆள்வதைவிட ஊட்டியிலிருந்து ஆள்வது சுலபம் என்று நம்பாலக்கோடு, சேரங்கோடு, முன்னநாடு ஆகிய மூன்று அம்சங்களை (மலபாரில் வருவாய்க் கிராமப் பிரிவுக்கு அதுதான் பெயர்) நீலகிரியோடு சேர்த்தார்கள். இரண்டு மாவட்டமும் ஒரே சென்னை மாகாணம். மேஜை மாறியது, அவ்வளவுதான். 79 ஆண்டு கழித்து, 1956 நவம்பர் 1ஆம் தேதி, மலபார் கேரளத்துக்குப் போனது. கூடலூர் போகவில்லை. என்றோ துரைமார் வசதிக்குப் போட்ட மாவட்டக் கோடு மாநில எல்லையாகிவிட்டது.

கோடு மாறினாலும் அதன் கீழே இருந்த உரிமை மாறவில்லை என்பதுதான் இதில் வேடிக்கை. நிலத்தின் ஜென்ம உரிமை, அதாவது மலபார் வழக்கப்படியான பரம்பரை நில உடைமை, நிலம்பூர் கோவிலகம் என்ற அரச குடும்பத்திடமே இருந்தது. அதை ஒழிக்க 1969இல் தனிச் சட்டம் வந்தது. அதன் 17ஆவது பிரிவின் கீழ் வரும் நிலங்கள் யாருக்கு என்ற இழுபறி இன்றும் ஓயவில்லை. 'செக்‌ஷன் 17 நிலம்' என்றால் இங்கே பள்ளிக்கூடப் பிள்ளைக்கும் தெரியும்.

இது மாநில எல்லைதான், பாஸ்போர்ட் கேட்க மாட்டார்கள். ஆனால் காலனி ஆட்சி போன பிறகு பக்கத்துப் பக்கத்து நாடுகள் எல்லைக்காக முட்டிக்கொள்வதன் கதையும் பெரும்பாலும் இதே தினுசுதான். உள்ளூர் நிர்வாகத்துக்காக, அல்லது ஒரு பேரரசின் பாதுகாப்புக்காக, யாரோ அவசரத்தில் இழுத்த கோட்டுக்குத் திடீரென்று இரு பக்கமும் ராணுவம் நிற்கிறது.

சரி, அந்தக் கோட்டில் அப்படி என்ன தகராறு? நிலம் வாங்கியவர்களுக்கு இது உடனே புரியும். பத்திரத்தில் வடக்கே ஓடை, கிழக்கே இன்னாருடைய தேயிலை என்று நான்கெல்லை எழுதியிருக்கும். எஃப்.எம்.பி. ஸ்கெட்சில், அதாவது சர்வே துறையின் புல வரைபடத்தில், அளவோடு கோடு இருக்கும். தரையில் சர்வே கல் இருக்கும். மூன்றும் ஒத்துப்போனால் வாழ்க்கை நிம்மதி. பத்திரம் சொல்லும் ஓடை ஒரு பெருமழையில் இடம் மாறினாலோ, ஸ்கெட்ச் ஒன்று சொல்லிக் கல் இன்னொன்று சொன்னாலோ, கல்லையே காணோம் என்றாலோ, அண்ணன் தம்பியே கோர்ட்டுக்குப் போய்விடுவார்கள்.

நாடுகளுக்கும் மூன்று படிதான். முதலில் எல்லை எது என்று ஒப்பந்தத்தில் எழுதுவார்கள். பிறகு வரைபடத்தில் வரைவார்கள். கடைசியாகத் தரையில் போய்த் தூண் நடுவார்கள். காலனி ஆட்சியாளர்கள் முதல் படியை ஒப்பேற்றி, இரண்டாவதை அரைகுறையாகச் செய்து, மூன்றாவதைத் தொடாமலே விட்ட இடங்கள் ஏராளம். அவர்களுக்கு அவசியம் இல்லை. இரு பக்கமும் தாங்களே, அல்லது அந்தப் பக்கம் கேள்வி கேட்க ஆளில்லாத பனிமலை. எந்த எல்லைச் செய்தியைப் படித்தாலும், சொல்லுக்கும் வரைபடத்துக்கும் கல்லுக்கும் நடுவில் எந்த இடத்தில் பிளவு என்று தேடிப் பார்க்கலாம். அநேகமாகச் சண்டை அங்கேதான் இருக்கும்.

சர் கிரீக் இதற்கு நல்ல உதாரணம். குஜராத்தின் கட்ச் பகுதிக்கும் பாகிஸ்தானின் சிந்து மாகாணத்துக்கும் நடுவே சுமார் 96 கிலோமீட்டர் நீளமுள்ள உப்பங்கழி. சேறு, அலையாத்திப் புதர், மீன். இதற்கான தகராறு 1908இல் தொடங்கியது. எதற்கு என்றால், விறகுக்கு. கழியோரத்தில் விறகு எடுக்கும் உரிமை யாருக்கு என்று கட்ச் மகாராவுக்கும் சிந்து அதிகாரிகளுக்கும் மோதல். சிந்து அப்போது பம்பாய் மாகாணத்தில் இருந்தது. 1914இல் பம்பாய் அரசு ஒரு தீர்மானம் போட்டுப் பஞ்சாயத்தை முடித்தது. வரைபடத்தில் ஒரு பச்சைக் கோடு. அது கழியின் கிழக்குக் கரையை ஒட்டி ஓடுகிறது. அதே தீர்மானத்தின் இன்னொரு பத்தியோ, படகு போகும் நீர்நிலைகளில் நடு நீரோட்டமே எல்லை என்ற விதியை எடுத்துப் பேசுகிறது.

விறகுச் சண்டைக்கு அந்தக் குழப்பம் ஒரு பொருட்டே இல்லை. 1947க்குப் பிறகு அதுவே முழு வழக்கு. பச்சைக் கோட்டைப் பார், கழி முழுவதும் எங்களுடையது என்கிறது பாகிஸ்தான். நடு நீரோட்டம்தான் எல்லை, பிற்பாடு தூண்களையும் நடுவில்தானே நட்டீர்கள் என்கிறது இந்தியா. இது படகு போகும் நீர்நிலையே இல்லை, அந்த விதி பொருந்தாது என்கிறது அந்தப் பக்கம். கடலேற்றத்தின்போது மீன்பிடிப் படகுகள் போகின்றனவே என்கிறது இந்தப் பக்கம். சேற்றுக்கா இவ்வளவு என்று தோன்றும். கழியின் வாயில் எல்லை எந்தப் புள்ளியில் முடிகிறதோ அங்கிருந்துதான் கடல் எல்லை தொடங்கும். கரையில் சில கிலோமீட்டர் நகர்ந்தால் கடலில் ஆயிரக்கணக்கான சதுர கிலோமீட்டர் நகரும். மீனும், எண்ணெய், எரிவாயு இருந்தால் அதுவும் அதோடு போகும். பக்கத்திலேயே ரண் ஆஃப் கட்ச் பாலைவெளிக்காக 1965இல் துப்பாக்கிச் சண்டையே நடந்தது. அதை மூவர் தீர்ப்பாயத்திடம் விட்டார்கள். பாகிஸ்தான் கேட்டதில் ஏறத்தாழ பத்தில் ஒரு பங்கைக் கொடுத்து 1968இல் தீர்ப்பு வந்தது. சர் கிரீக் அந்தத் தீர்ப்பில் சேரவில்லை.

பிரிவினைக் கோட்டுக்கு வருவோம். சிரில் ராட்க்ளிஃப் லண்டன் வக்கீல். அதற்கு முன் இந்தியா பக்கமே வந்ததில்லை. 1947 ஜூலை 8ஆம் தேதி வந்து இறங்கினார். ஐந்தே வாரத்தில் பஞ்சாபையும் வங்காளத்தையும் பிரித்துக் கொடுக்க வேண்டும். ஒவ்வொரு ஆணையத்திலும் காங்கிரஸ் தரப்பில் இரண்டு நீதிபதிகள், முஸ்லிம் லீக் தரப்பில் இரண்டு. எதிலும் இரண்டுக்கு இரண்டு. ஆகவே முடிவெல்லாம் அவர் தலையில். கையில் 1941 கணக்கெடுப்பும் ஜில்லா, தாலுகா, தாணா (போலீஸ் நிலைய எல்லை) வரைபடங்களும். எனவே அவர் புதிதாகக் கோடு கண்டுபிடித்தார் என்பதைவிட, நிர்வாகத்துக்காக ஏற்கெனவே இருந்த கோடுகளில் சிலவற்றைத் தேர்ந்து தேச எல்லையாக உயர்த்தினார் என்பதே பொருத்தம். கூடலூர்க் கதைதான், ஒரு கோடிக்கும் மேற்பட்ட மனிதர்களை வேரோடு பிடுங்கிய அளவில்.

தீர்ப்பு வெளியானது ஆகஸ்ட் 17. அதாவது சுதந்திரம் வந்து இரண்டு நாள் கழித்து. அதற்குள் முர்ஷிதாபாத்தில் பாகிஸ்தான் கொடி ஏறிவிட்டது, குல்னாவில் இந்தியக் கொடி. பிறகு இரண்டு ஊரிலும் இறக்கி மாற்றினார்கள். தாங்கள் எந்த நாடு என்று தெரியாமலே மக்கள் சுதந்திர தினம் கொண்டாடியிருக்கிறார்கள்.

ராட்க்ளிஃப் ஒரு விஷயத்தில் கவனமாக இருந்தார். இணைத்திருக்கும் வரைபடம் விளக்கத்துக்கு மட்டும். அதற்கும் எழுத்துக்கும் முரண் வந்தால் எழுத்தே செல்லும் என்று எழுதி வைத்தார். பஞ்சாபில் எல்லை ஜில்லாக் கோடுதானே தவிர, ஓடும் சட்லெஜ் ஆறு அல்ல என்றும் தெளிவுபடுத்தினார். வக்கீல் மூளை. ஆறு நகரும், ரெவின்யூ கோடு நகராது. அப்படியும் வங்காளத்தில் எந்தக் கிளை உண்மையான ஆறு என்ற வழக்குகள் முளைத்தன. அவற்றைத் தீர்க்க ஸ்வீடன் நீதிபதி ஆல்கோட் பாகே தலைமையில் 1949-50இல் தனித் தீர்ப்பாயம் உட்கார வேண்டியிருந்தது.

இந்தப் பிரிவினையின் ஒரு துண்டு நம் மலையிலும் வந்து விழுந்தது. குன்னூரை ஒட்டிய வெலிங்டனில் இருக்கும் ராணுவ ஸ்டாஃப் கல்லூரி, குவெட்டாவில் இருந்த கல்லூரியின் இந்தியப் பாதி. குவெட்டா பாகிஸ்தானுக்குப் போகவே, ஆட்கள் பிரிந்து 1947இல் இங்கே வந்தார்கள். அந்தக் குவெட்டா கல்லூரியில் 1943இல் படித்த சாம் மானக்‌ஷா பின்னாளில் வெலிங்டனில் தலைமை வகித்தார். ஒரே வகுப்பில் படித்தவர்கள் எதிரெதிரே நின்று போரிட்ட கதைகளுக்கு இரு நாட்டு ராணுவத்திலும் பஞ்சமில்லை.

ஆறு போனால் மலை. மலை எல்லைகளில் அடிக்கடி வரும் சொல் நீர்ப்பிரிப்பு முகடு. பைக்காரா பக்கம் பெய்யும் மழை மோயாறு, பவானி, காவிரி என்று போய் வங்கக் கடலில் சேரும். தேவாலா பக்கம் பெய்யும் மழை பாண்டியாறு, புன்னம்புழை, சாலியாறு என்று இறங்கி பேப்பூரில் அரபிக் கடலில் சேரும். நடுவே தண்ணீரை இரண்டாகப் பிரிக்கும் முகடுதான் எல்லை என்று ஒப்பந்தத்தில் ஒரே வரியில் எழுதிவிடலாம். அந்த முகட்டின் மேல் நடந்து காட்டு என்று கூடலூரின் மேடும் பள்ளமுமான தேயிலைச் சரிவுகளில் என்னை விட்டால் அரை மணி நேரத்தில் வழி தவறிவிடுவேன். இமயமலையில், யாருமே ஏறி அளக்காத இடங்களில், இதே வரியை நம்பித்தான் எல்லை நிற்கிறது.

1914 மார்ச்சில் பிரிட்டிஷ் இந்தியாவின் ஹென்றி மக்மஹோனும் திபெத்தின் பிரதிநிதியும் ஒப்புக்கொண்ட கோடு, ஓர் அங்குலத்துக்கு எட்டு மைல் என்ற அளவுள்ள வரைபடத்தில் வரையப்பட்டது. ஒரு மில்லிமீட்டர் பேனாத் தடிப்பு தரையில் அரைக் கிலோமீட்டர். நோக்கம் முகடு வழியாகப் போவது. ஆனால் மேற்கு முனையில், தக்லா என்ற முகட்டருகே, வரைபடக் கோடு முகட்டுக்குத் தெற்கே விழுந்தது. கொள்கை முகடு என்பது, எனவே எல்லை தக்லா என்றது இந்தியா. வரைபடத்தைப் பார், தக்லா எங்களுடையது என்றது சீனா. அது போக, திபெத் தனியாக ஒப்பந்தம் போட உரிமையே இல்லாதது, கோடே செல்லாது என்பது சீனாவின் அடிப்படை வாதம். 1962 அக்டோபரில் போர் வெடித்த நம்கா சூ ஓடை அந்த முகட்டின் அடியில்தான் ஓடுகிறது.

எழுத்தா, வரைபடமா என்று கேட்டால் எப்போதும் ஒரே பதில் கிடையாது. தாய்லாந்துக்கும் கம்போடியாவுக்கும் நடுவே தாங்ரெக் மலை உச்சியில் ப்ரே விஹியர் என்ற பழைய சிவன் கோயில் இருக்கிறது. சயாமும் (தாய்லாந்தின் பழைய பெயர்) அப்போது கம்போடியாவை ஆண்ட பிரான்சும் 1904இல் செய்த ஒப்பந்தம் நீர்ப்பிரிப்பு முகடே எல்லை என்றது. அதன்படி பார்த்தால் கோயில் தங்கள் பக்கம் என்பது தாய்லாந்தின் வாதம். ஆனால் பிரெஞ்சு அதிகாரிகள் வரைந்து 1907இல் அச்சிட்ட வரைபடம் கோயிலைக் கம்போடியா பக்கம் காட்டியது. அதை வாங்கிக்கொண்ட சயாம் இளவரசர் தம்ரோங் மறுப்புச் சொல்லவில்லை. நன்றி சொல்லி இன்னும் 15 பிரதி கேட்டார். 1930இல் அவரே கோயிலுக்குப் போனபோது பிரெஞ்சு அதிகாரி பிரெஞ்சுக் கொடியின் கீழ் வரவேற்றார். அப்போதும் பேச்சு மூச்சு இல்லை. 1962இல் சர்வதேச நீதிமன்றம் ஒன்பதுக்கு மூன்று என்ற கணக்கில் கோயிலைக் கம்போடியாவுக்குக் கொடுத்தது. இத்தனை வருஷம் சும்மா இருந்துவிட்டு இப்போது வரைபடம் தப்பு என்று சொல்ல முடியாது என்பதுதான் சாரம். ராட்க்ளிஃப் கோட்டில் எழுத்து வரைபடத்தை வெல்லும். இங்கே வரைபடம் எழுத்தை வென்றது. தீர்ப்பு வந்தும் தீரவில்லை. 2025 ஜூலையிலும் அந்த எல்லையில் பீரங்கி முழங்கியது.

மற்றவை இதன் பங்காளிகள். 1893இல் பிரிட்டிஷ் இந்திய அதிகாரி டூரண்ட் இழுத்த கோடு, இன்றைய பாகிஸ்தானுக்கும் ஆப்கானிஸ்தானுக்கும் நடுவே, பஷ்தூன் மக்களை இரண்டாகப் பிரித்தது. ஆப்கானிஸ்தான் இன்றுவரை அதைச் சர்வதேச எல்லையாக ஏற்கவில்லை. நேபாளத்தோடு 1816இல் உறுதியான சுகௌலி ஒப்பந்தம் காளி ஆற்றை எல்லை என்றது, ஆனால் எந்த ஓடை காளியின் தலை என்று சொல்லவில்லை. காலாபானி தகராறு அங்கிருந்து வந்தது. காஷ்மீரின் வடக்கே உள்ள சியாச்சின் பனியாற்றில் பழி காலனி ஆட்சியின் மேல் இல்லை. 1949இல் இந்தியாவும் பாகிஸ்தானுமே எழுதிய போர்நிறுத்தக் கோடு என்.ஜே.9842 என்ற புள்ளி வரை வந்து, அங்கிருந்து வடக்கே பனியாறுகளை நோக்கி என்ற ஒரு வரியோடு நின்றது. அங்கே மனிதன் போகவா போகிறான் என்று நினைத்தார்கள். 1984இல் போனான்.

இவ்வளவு கோளாறு இருந்தால் பழைய கோட்டையெல்லாம் அழித்துவிட்டுப் புதிதாகப் போட்டால் என்ன? இளைஞர்கள் கேட்கும் நியாயமான கேள்வி. ஆப்பிரிக்கத் தலைவர்கள் 1964இல் கெய்ரோவில் கூடியபோது அவர்கள் முன்னாலும் இதே கேள்வி நின்றது. விடுதலை பெற்ற நாளில் கோடு எங்கே இருந்ததோ அங்கேயே இருக்கட்டும் என்று முடிவெடுத்தார்கள். சோமாலியாவும் மொராக்கோவும் உடன்படவில்லை. சட்ட நூல்களில் இதற்கு யூட்டி பொசிடெட்டிஸ் என்று லத்தீன் பெயர். ஸ்பெயினிடமிருந்து பிரிந்த தென் அமெரிக்க நாடுகள் முன்பே கையாண்ட வழி. புர்கினா ஃபாசோ–மாலி வழக்கில் 1986இல் சர்வதேச நீதிமன்றமும் இதையே உறுதி செய்தது. இந்தக் கொள்கை நியாயமானது என்று நான் சொல்ல மாட்டேன். இனத்துக்கும் மொழிக்கும் பொருந்தாத கோட்டை அது புனிதமாக்குகிறது. ஆனால் ஒரு கோட்டைப் பிரித்தால் அடுத்த கோடு தானாகப் பிரியும், அதற்குள் எத்தனை பேர் சாவார்கள் என்ற அவர்கள் பயம் வெறும் பயம் அல்ல.

திருத்தவே முடியாது என்றும் இல்லை. இந்திய–வங்கதேச எல்லையில் இந்தியாவுக்குள் வங்கதேசத் துண்டு நிலங்கள், வங்கதேசத்துக்குள் இந்தியத் துண்டு நிலங்கள் கிடந்தன. கூச் பெஹார் மன்னருக்கும் மொகலாயருக்கும் இருந்த பழைய பாத்தியதைகளின் மிச்சம். அங்கே பிறந்தவனுக்குப் பள்ளிக்கூடம் இல்லை, ரேஷன் இல்லை, போலீஸ் இல்லை. தன் நாட்டுக்குப் போகவே அந்நிய மண்ணைத் திருட்டுத்தனமாகக் கடக்க வேண்டும். 1974இல் இந்திராவும் முஜிபும் ஒப்பந்தம் போட்டார்கள். நிறைவேறியது 2015 ஜூலை 31 நள்ளிரவில்: 111 துண்டுகள் அந்தப் பக்கம், 51 துண்டுகள் இந்தப் பக்கம். கணக்கில் இந்தியாவுக்கு நிலம் குறைவுதான். அங்கிருந்தவர்களுக்கு எந்த நாடு வேண்டும் என்று கேட்டுச் செய்தார்கள் என்பது எனக்கு நிலக் கணக்கைவிடப் பெரிதாகப் படுகிறது.

ஏனென்றால், கேட்காமல் செய்தால் என்ன ஆகும் என்று கோத்தகிரி, பந்தலூர், கொளப்பள்ளி, சேரம்பாடி பக்கம் போனால் தெரியும். தமிழக அரசின் டேன்டீ தேயிலைத் தோட்டங்களின் லைன் வீடுகளில் இருப்பவர்கள் பெரும்பாலும் இலங்கையிலிருந்து தாயகம் திரும்பியவர்களும் அவர்கள் பிள்ளைகளும். அவர்களுடைய முன்னோர் கண்டி, நுவரெலியா தோட்டங்களுக்குப் போனபோது இரு கரையும் வெள்ளைக்காரனுடையது. 1948இல் சுதந்திர இலங்கையின் குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964இல் சாஸ்திரியும் சிறிமாவோவும் 9,75,000 பேரைப் பங்கு பிரித்தார்கள்: 5,25,000 இந்தியாவுக்கு, 3,00,000 இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். 1974இல் அந்த மிச்சத்தையும் பாதிக்குப் பாதி பிரித்தார்கள். திரும்பியவர்களுக்கு வேலை தருவதற்காகத் தமிழக அரசு 1968இல் இந்தத் தேயிலைத் தோட்டங்களைத் தொடங்கியது. இங்கே அவர்கள் சிலோன்காரர்கள், அங்கே கள்ளத்தோணி.

அதே 1974இல்தான் கச்சத்தீவும் கைமாறியது. 285 ஏக்கர், ஓர் அந்தோணியார் கோயில், குடிக்கத் தண்ணீர் கிடையாது. இந்தியாவின் வாதம் ராமநாதபுரம் சேதுபதியின் ஜமீன் உரிமை. இலங்கையின் வாதம் யாழ்ப்பாண நிர்வாகமும் பழைய வரைபடங்களும். 1921இல் சென்னை அதிகாரிகளும் கொழும்பு அதிகாரிகளும் பாக் நீரிணை மீன்பிடிப்புக்காகக் கோடு பேசினார்கள். இருவரும் ஒரே மன்னரின் சம்பளக்காரர்கள். தீவு இலங்கைப் பக்கம் வரும்படி பேசினார்கள், ஆனால் அதை இரு அரசும் முறைப்படி உறுதி செய்யவில்லை. 1974 ஒப்பந்தம் தீவை இலங்கைப் பக்கம் வைத்துவிட்டு, நம் மீனவரும் பக்தரும் விசா இல்லாமல் போய்வரலாம் என்றது. 1976 கடிதப் பரிமாற்றமோ ஒரு நாட்டுப் படகு அடுத்த நாட்டுக் கடலில் மீன் பிடிக்கக் கூடாது என்றது. வலை உலர்த்தலாம், வலை வீசக் கூடாது.

இந்திய நிலத்தை வேறு நாட்டுக்குக் கொடுப்பதானால் அரசியலமைப்பையே திருத்த வேண்டும் என்று மேற்கு வங்கத்தின் பேருபாரி பகுதி குறித்த விவகாரத்தில் உச்ச நீதிமன்றம் 1960இல் சொல்லியிருக்கிறது. வங்கதேசத் துண்டு நிலங்களுக்கு அப்படித்தான் நூறாவது திருத்தம் வந்தது. கச்சத்தீவுக்கு எந்தத் திருத்தமும் வரவில்லை. அந்தத் தீர்ப்பைக் காட்டி 2008இல் ஜெயலலிதா உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். மத்திய அரசின் பதில்: எதையும் கொடுக்கவில்லை, அதுவரை முடிவாகாமல் இருந்த எல்லையை முடிவு செய்தோம், அவ்வளவுதான். ஆக, 1974க்கு முன்னால் அந்தக் கடலில் கோடு என்று ஒன்று இருந்ததா, இல்லையா என்பதிலேயே வழக்கு நிற்கிறது.